கெட்டுப்போன சத்தம்

படக்காரம்மா வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டது ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், பள்ளிக்கூட மண்டபத்தில், அத்தனை பேர் முன்னிலையில்.

ரயில் நிலையத்துக்குப் பின்பக்கம் கிடக்கும் சதுப்பு நிலத்தை மண்ணடித்து மேடாக்கி அடுக்குமாடி வீடு கட்டப் போகிறார்கள் என்று செய்தி வந்ததும் கூடிய கூட்டம் அது. பறவை பார்க்கிறவர்கள் வந்திருந்தார்கள். காலையில் அந்தப் பக்கம் நடக்கப் போகிறவர்கள் வந்திருந்தார்கள். பறவையாவது ஒன்றாவது, அங்கே மண்ணைக் கொட்டினால் மழைத்தண்ணீர் நம் வீட்டுக்குள் அல்லவா வரும் என்று கணக்குப் போட்டு வந்தவர்கள்தான் அதிகம். வழக்கை நடத்தும் வக்கீலம்மா மேடையேறி விஷயத்தைப் போட்டு உடைத்தார். கட்டப் போகிற நிறுவனம் அது சதுப்பு நிலமே இல்லை என்று சாதிக்கிறது. மழை பெய்தால் நாலு நாள் தண்ணீர் தேங்கும், மற்றபடி வெறும் புல்தரை என்கிறது. மேல்பக்கம் யாரோ வாய்க்காலை அடைத்துவிட்டதால் இப்போது போய்ப் பார்த்தால் தரை பாளம் பாளமாக வெடித்துத்தான் கிடக்கிறது. வானத்திலிருந்து எடுத்த பழைய படங்களில் பச்சையாக ஒரு தீற்றல் தெரிகிறது. அது நாணலா புல்லா என்று அடித்துச் சொல்ல ஆளில்லை. கோடையிலும் அங்கே தண்ணீர் நின்றது என்பதற்கு ஓர் ஆதாரம் வேண்டும். இல்லாவிட்டால் அடுத்த விசாரணையோடு கதை முடிந்தது.

முன்வரிசையிலிருந்து படக்காரம்மா எழுந்தாள்.

“ஆதாரத்துக்கு நீங்க அலையவே வேண்டாம். கல்யாணமான வருஷத்துலேர்ந்து அங்க படம் எடுக்கறேன். என்கிட்ட இல்லாத தண்ணியா?”

மண்டபம் கைதட்டியது. பின்வரிசையில் அவளுடைய வீட்டுக்காரர் பக்கத்து நாற்காலிக்காரரிடம் எதையோ மும்முரமாகச் சொல்லிக்கொண்டிருந்ததில் கைதட்ட மறந்துபோனார்.

அவள் சொன்னதில் பொய் இல்லை. ஆமைகள் முட்டையிடும் கரை, மான்கள் சாலை தாண்டும் காடு, வவ்வால் குகை, நீர்நாய்கள் ஆட்டம் போடும் ஆறு என்று அவள் கேமராவைத் தூக்கிக்கொண்டு போகாத இடமில்லை. அவள் எடுத்த படத்தைப் பார்த்துவிட்டு ஓர் ஆற்றில் வெடி வைத்து மீன் பிடிப்பதை நிறுத்தினார்கள். ஒரு காட்டுச் சாலையில் இருட்டிய பிறகு வண்டி போகக் கூடாது என்று உத்தரவு வந்தது. இதெல்லாம் சாதாரணக் காரியமில்லை. ஆனால் ஒவ்வொரு படம் முடிந்ததும் அவள் திரும்பி வருவது இந்தச் சதுப்புக்குத்தான். புது லென்ஸ் வாங்கினால் முதலில் சோதித்துப் பார்ப்பதும் இங்கேதான். பிறந்த வீடு மாதிரி என்று பேட்டிகளில் சொல்வாள். பிறந்த வீட்டுக்குக்கூட அக்கா இத்தனை தடவை வந்ததில்லை என்று அவள் தம்பி சொல்வான்.

தம்பிதான் அவளுடைய படங்களுக்கு எடிட்டர். வீட்டுக்காரர் கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். லீவு நாளெல்லாம் அவர் அவளுக்கு டிரைவர், சமையல்காரர், பெட்டி தூக்குகிறவர், குடை பிடிக்கிறவர். தங்கமான மனிதர். ஒரே ஒரு குறை, வாய் ஓயாது. தம்பி அவருக்கு வைத்த பட்டப்பெயர் ரேடியோ. அதிலும் அணைக்கிற குமிழ் இல்லாத ரேடியோ.

மறுநாளே அக்காவும் தம்பியும் மாடியில் எடிட்டிங் அறையில் உட்கார்ந்தார்கள். ஒரு சுவர் முழுக்க இரும்பு பீரோ, ஜன்னலுக்குக் கறுப்புத்துணி, நடுவில் மேசை, மேசைமேல் திரை. பீரோவுக்குள் டேப்புகள் நெருக்கியடித்துக்கொண்டு நின்றன. ஒவ்வொன்றின் முதுகிலும் அவள் கையெழுத்தில் ஒரு பறவையின் பெயர். தம்பி முதல் டேப்பைப் போட்டான். முக்குளிப்பான் ஒன்று குஞ்சுகளை முதுகில் ஏற்றிக்கொண்டு நீந்தி வந்தது. அதன் கண்ணைச் சுற்றியிருந்த வளையம்கூடத் துல்லியமாகத் தெரிந்தது. பின்னால் என்ன இருந்தது? பச்சையும் வெள்ளியுமாக ஒரு குழைவு. தண்ணீர் இருந்தது, இல்லாமல் இல்லை. ஒரு பறவையைச் சுற்றி எவ்வளவு இருக்குமோ அவ்வளவு இருந்தது. அது சதுப்பாகவும் இருக்கலாம், பூங்காவில் வெட்டிவைத்த குட்டையாகவும் இருக்கலாம்.

“அடுத்ததைப் போடு,” என்றாள்.

அடுத்ததில் மீன்கொத்தி. கண் துல்லியம், பின்னால் குழைவு. அதற்கடுத்து உள்ளான், அதற்கடுத்து நாரை. கண், குழைவு. கண், குழைவு. நாலு நாள் இப்படியே போனது.

குற்றம் கேமராவுடையது இல்லை. அவளுடைய தொழில் தர்மமே அதுதான். படத்துக்குள் மனுஷ வாடை வரக் கூடாது என்பது அவள் வைத்த சட்டம். அந்தச் சதுப்பில் அதைக் கடைப்பிடிப்பது லேசுப்பட்ட காரியமில்லை. இடது பக்கம் திரும்பினால் ரயில்வே தண்ணீர்த்தொட்டி எட்டுக்கால் பூச்சி மாதிரி நிற்கும். வலது பக்கம் பாலம். நேரே பார்த்தால் மின்கம்பி, கம்பிக்கு அந்தப்புறம் யாரோ ஒருவர் வீட்டு மாடியில் காயும் துணி. இத்தனையையும் தள்ளிவிட்டு, தொட்டிக்கும் பாலத்துக்கும் இடையில் ஒரு பறவையை மட்டும் பிடித்துக்கொண்டு வர அவள் சேற்றில் படுத்துக் கிடந்திருக்கிறாள். “மனித அரவமே எட்டாத நீர்வெளி” என்று அவள் படத்தில் ஒரு வர்ணனை வரும். அந்த நீர்வெளியிலிருந்து கையை நீட்டினால் நடைமேடை டீக்கடையில் டீ வாங்கலாம். அந்த வர்ணனையைக் கேட்டு ஊரே அசந்துபோனது. இப்போது அதே ஊருக்கு அந்தத் தொட்டி ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, படத்துக்குள் தலை காட்டியிருக்க வேண்டும்.

“ஒரு வைட் ஷாட்கூடவா இல்ல?” என்று தலையில் கையை வைத்துக்கொண்டாள்.

“நீ எடுத்தாத்தானே அக்கா இருக்கும்? தொட்டி தெரிஞ்சா அந்த டேப் மேலயே அடுத்ததை எடுத்துடுவே.”

டீ கொண்டுவந்த வீட்டுக்காரர் வாசற்படியில் நின்று திரையை எட்டிப் பார்த்தார். “தொட்டியைத் தேடும்போது அப்படியே என்னையும் தேடிப் பாருங்க மாப்ளே, எந்த மூலையிலயாவது இருக்கேனான்னு.”

“நீங்க எப்படி மாமா இருப்பீங்க? உங்களை நகர்த்திட்டுத்தானே அக்கா கேமராவையே ஆன் பண்ணும்.”

இரண்டு பேரும் சிரித்தார்கள். படக்காரம்மாவுக்குச் சிரிப்பு வரவில்லை. கைதட்டிய மண்டபம் கண்முன் நின்றது. மண்டபத்தைவிட, வெடித்துக் கிடக்கும் அந்தத் தரை நின்றது. அதை உலகத்திலேயே அதிகம் படம் எடுத்தவள் அவள்தான். எடுத்ததெல்லாம் பறவையை. இடத்தை அவள் எடுக்கவே இல்லை.

வக்கீலம்மாவை வரச்சொல்லி, நடந்ததைச் சொல்லிக் கையை விரித்துவிடுவது என்று முடிவு செய்தாள். அவரும் ஒரு மத்தியானம் வந்து, செருப்பைக் கழற்றிவிட்டு, நாற்காலி நுனியில் உட்கார்ந்து, முக்குளிப்பானைப் பார்த்தார். குஞ்சு ஒன்று தாயின் முதுகிலிருந்து வழுக்கி விழுந்து மறுபடி ஏறியது.

“ரொம்ப அழகா இருக்கு மேடம்,” என்றார். “ஆனா இது எந்த ஊர்னு அவங்க வக்கீல் கேட்டா நான் என்ன சொல்றது?”

படக்காரம்மா பீரோவைக் காட்டிக் கையை விரித்தாள்.

வக்கீலம்மா கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “ஏன் சத்தமே வரல? மெஷின் ரிப்பேரா?” என்றார்.

தம்பிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. “மெஷின் நல்லாத்தான் இருக்கு மேடம். சத்தம் கெட்டுப்போன சத்தம். ரயில், ஆலைச் சங்கு, எங்க மாமா. டேப்பைப் போட்டதும் நான் செய்யற முதல் வேலை சத்தத்தை அணைக்கிறதுதான். பறவைச் சத்தம் தனியா எடுத்துச் சேர்ப்போம், மிச்சத்துக்குப் புல்லாங்குழல்.”

“அணைக்கிறீங்களா, அழிச்சுடுவீங்களா?”

“டேப்புல அப்படியேதான் இருக்கும்.”

“அப்ப போடுங்க. கெட்டுப்போனது எப்படி இருக்குன்னு கேப்போம்.”

தம்பி அக்காவைப் பார்த்தான். அவள் தோளைக் குலுக்கினாள். சத்தத்துக்கான குமிழை அவன் எத்தனையோ வருடமாக இடப்பக்கமே திருப்பிப் பழகியவன். அன்றைக்கு வலப்பக்கம் திருப்பினான்.

முதலில் காற்று. பிறகு தண்ணீர் சளக் சளக் என்று அடித்தது. தூரத்தில் ஆலைச் சங்கு ஊதி ஓய்ந்தது. அப்புறம், கேமராவுக்கு ஒரு முழம் பின்னாலிருந்து, இளவயது ரேடியோ.

“முழுப் பரீட்சை நேத்தோட முடிஞ்சுது, இனி லீவு முடியற வரைக்கும் நான் உன் ஆளு. அப்பா, என்ன வெயில், மண்டையைப் பொளக்குது. ஆனா பாரேன், தண்ணி இறங்கவே இல்ல. தொட்டிப் படிக்கட்டு பாதி முழுகித்தான் கிடக்கு. ஸ்டேஷன் வேலி வரைக்கும் ஒரே தண்ணி.”

“ஷ்.” இது படக்காரம்மாவின் குரல்.

“சரி, சரி.” முக்குளிப்பான் ஒரு முங்கு போட்டு எழுகிற நேரம் அமைதி. “பாலத்து மேல ஒருத்தன் சைக்கிளை நிறுத்திட்டு உன்னையே பாக்கறான். சேத்துல கிடக்கறது பொம்பளையா முதலையான்னு யோசிக்கிறான் போல.”

வக்கீலம்மா வாயைப் பொத்திக்கொண்டார். டீத் தட்டோடு உள்ளே வந்திருந்த வாத்தியார் அப்படியே நின்றுவிட்டார். “என் குரலா இது? என்ன கணீர்னு இருக்கு பாருங்களேன்.”

அப்போதுதான் ரயில் நிலைய ஒலிபெருக்கி கரகரத்தது. பயணிகளின் கவனத்துக்கு என்று ஆரம்பித்து, ஊர்ப்பெயரை இரண்டு தடவை சொல்லி, இன்று முதல் புதிதாக ஓடத் தொடங்கும் விரைவு வண்டி இன்னும் சற்று நேரத்தில் முதலாவது நடைமேடைக்கு வந்துசேரும் என்று அறிவித்தது. வக்கீலம்மா நாற்காலியை விட்டு எழுந்தே விட்டார்.

“இந்த வண்டி எந்தத் தேதியில ஓட ஆரம்பிச்சுதுன்னு ரயில்வேல கேட்டா சொல்லிடுவாங்க. ஊர் வந்தாச்சு, தேதி வந்தாச்சு, நடுக்கோடையில தண்ணியும் வந்தாச்சு. மேடம், இதுக்கு மேல என்ன வேணும்?”

யாருக்கும் டேப்பை நிறுத்தத் தோன்றவில்லை. அது பாட்டுக்கு ஓடியது.

“புது வண்டியாம்,” என்றது ரேடியோ. “நேரா கடல் வரைக்கும் போகுதாம். ஏம்மா, நாம ஒரு தடவை எங்கயாவது போலாமா? கேமரா இல்லாம. சும்மா, நீயும் நானும். பறவை இல்லாத இடமாப் பார்த்து.”

“ஷ். பேசாதீங்க. திரும்புது.”

திரையில் முக்குளிப்பான் திரும்பியது. வெயில் அதன் கழுத்துச் செம்மையில் பட்டது. அந்தத் திருப்பத்தைத்தான் படத்தின் சுவரொட்டியில் போட்டார்கள். குழந்தைகள் இன்றைக்கும் அதைப் பார்த்து வரைந்து அவளுக்கு அனுப்புகிறார்கள். அதற்கப்புறம் அந்த டேப் முடியும்வரை ரேடியோ வாய் திறக்கவில்லை.

வாத்தியார் தட்டை மேசைமேல் வைத்துவிட்டுத் துண்டால் கையைத் துடைத்தார். துடைக்க அங்கே ஒன்றுமில்லை.

“இதை எப்பச் சொன்னீங்க?” என்றாள் படக்காரம்மா.

“சொன்னதாத்தான் கேக்குதே.”

அவளுக்கு வெட்கமாக இருந்தது. வெட்கம்கூட இல்லை, பயம். கேட்டு மறந்திருந்தால் மனதைத் தேற்றிக்கொள்ளலாம். மறக்கவில்லை, அவள் கேட்கவே இல்லை. அந்தப் பறவையின் கண் எந்தப் பக்கம் உருண்டது என்று இன்றைக்கும் சொல்வாள். ஒரு முழம் தூரத்தில் ஒரு மனிதர் ஆசையாக ஒன்று கேட்டிருக்கிறார், அது அவளுடைய காதுவரை வந்து சேர இத்தனை வருடம் ஆகியிருக்கிறது.

“மாப்ளே,” என்றார் வாத்தியார், தம்பியைத் தனியாகக் கூப்பிடுகிற பாவனையில், எல்லார் காதிலும் விழும்படியாக. “அந்தக் கடைசித் துண்டை மட்டும் வெட்டிடலாம், என்ன? அதுக்கும் கேஸுக்கும் என்ன சம்பந்தம்? ஊர் சிரிக்கும்.”

வக்கீலம்மா தலையை ஆட்டினார். “ஒரு நொடி வெட்டினாலும் மொத்தத்தையும் சந்தேகப்படுவாங்க சார். வண்டி அறிவிப்பை நாமே ஒட்டவெச்சோம்னு சொல்லுவாங்க. முதல்லேர்ந்து கடைசி வரைக்கும் அப்படியே ஓடணும்.”

வெட்டியே வாழ்ந்த எடிட்டருக்கு இது புதுச் சோதனை. அவன் கவலை வேறு. “அக்கா, யோசிச்சுக்கோ. இது விசாரணையில ஓடினா, மனித அரவமே எட்டாத நீர்வெளின்னு சொன்னது என்ன லட்சணம்னு எல்லாருக்கும் தெரிஞ்சுபோயிடும். பேப்பர்ல போடுவாங்க. உன் பேரு என்னத்துக்காகும்?”

அவள் யோசித்தாள். தன் பேரை அல்ல. பேர் போனால் போகிறது, அதை வைத்துக்கொண்டு தண்ணீரைக் கொண்டுவர முடியாது. அவள் வீட்டுக்காரரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“உங்களுக்கு வேண்டாம்னா வேண்டாம்,” என்றாள். “வேற வழி தேடலாம்.”

“வேற வழி இருக்கா?”

“இல்ல.”

வாத்தியார் முகவாயைத் தடவினார். அவரை ஒன்று கேட்டுவிட்டு அவள் பதிலுக்குக் காத்திருப்பது அவருக்கே விசித்திரமாக இருந்திருக்க வேண்டும். “போடுங்க, போடுங்க. கல்யாணமான எல்லார் வீட்லயும் நடக்கறதுதானே. என்ன, நம்ம வீட்ல அதை ரெக்கார்டு பண்ணி வெச்சிருக்கோம்.”

விசாரணை ஒரு நீளமான அறையில் நடந்தது. மின்விசிறிகள் சுற்றின, காகிதங்கள்மேல் கண்ணாடிக் குண்டுகள் உட்கார்ந்திருந்தன. நிறுவனத்தின் வக்கீல் நல்ல உயரம், பேச்சும் உயரத்திலிருந்துதான் வந்தது. “இந்த அம்மையாரின் கலையை நாங்கள் மதிக்கிறோம். ஆனால் பறவைக்கு விலாசம் கிடையாது,” என்றார். நாலு பேர் சிரித்தார்கள். உண்மையைச் சொன்னால் நல்ல வாக்கியம்தான். படக்காரம்மாவே எழுதியிருக்கக்கூடிய வாக்கியம்.

டேப் ஓடியது. தண்ணீர்ச் சத்தம் அறைக்குள் வந்தது. முதலைப் பேச்சுக்கு எல்லாரும் சிரித்தார்கள், உயரமான வக்கீலும்தான். வண்டி அறிவிப்பு வந்தபோது சிரிப்பு நின்று பேனாக்கள் ஓடின. பிறகு கடல். கேமரா இல்லாம, நீயும் நானும் என்று கேட்டபோது எங்கோ ஒரு சிரிப்பு கிளம்பி, அவளுடைய “ஷ்” விழுந்ததும் பாதியில் அடங்கியது. ஒலிபெருக்கியில் அந்த “ஷ்” பெரிதாகக் கேட்டது. சூடான தோசைக்கல்லில் தண்ணீர் தெளித்த மாதிரி இருந்தது. படக்காரம்மா தலை நிமிரவில்லை.

விசாரணை அதிகாரி மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். “அந்த இடத்தை இன்னொரு தடவை போடுங்க.”

அவர் கேட்டது வண்டி அறிவிப்பைத்தான். ஆனால் டேப்பை எங்கே நிறுத்த வேண்டும் என்று யாரும் சொல்லவில்லை. கடல் இன்னொரு தடவை வந்தது. “ஷ்” இன்னொரு தடவை வந்தது.

“பதிவுக்காகக் கேக்கறேன்,” என்றார் அதிகாரி. “குறுக்க பேசற அந்தக் குரல் யாரோடது?”

படக்காரம்மா எழுந்தாள்.

“என் வீட்டுக்காரர்.” உட்காரப் போனவள் மறுபடி நிமிர்ந்தாள். “குறுக்க பேசலைங்க. என்கிட்டதான் பேசிட்டு இருந்தார். பதிவுல அப்படியே எழுதிக்குங்க.”

அதிகாரி அவளை ஒரு கணம் பார்த்தார். பிறகு சுருக்கெழுத்துக்காரரைப் பார்த்துத் தலையசைத்தார்.

உயரமான வக்கீல் விடவில்லை. ஒரு கோடையில் தண்ணீர் இருந்தால் எல்லாக் கோடையிலும் இருந்ததாக ஆகிவிடுமா என்றார். நியாயமான கேள்வி. அதிகாரிக்கும் அப்படித்தான் பட்டது. மற்ற வருடங்களின் டேப்புகளையும், அவற்றில் கேட்கும் ஒவ்வொரு பேச்சையும் எழுத்தில் பெயர்த்து ஒப்படைக்க வேண்டும் என்றும், மண்ணடிக்கத் தடை விதிப்பதா வேண்டாமா என்று பிறகு அறிவிப்பதாகவும் சொல்லி எழுந்துவிட்டார்.

திரும்பும் வழியில் வாத்தியார்தான் காரை ஓட்டினார். அன்றைக்கு அவர் பேசவில்லை என்பதால் கார் வேறு யாருடையதோ மாதிரி இருந்தது.

“அன்னிக்கே இன்னொரு தடவை சொல்லியிருக்கலாமே,” என்றாள் அவள், ஜன்னல் பக்கம் பார்த்தபடி.

“சொன்னேனே. எந்த டேப்புலன்னுதான் தெரியல.”

அவர் குத்திக்காட்டவில்லை. அப்படிக் குத்திக்காட்டத் தெரிந்த மனிதரும் இல்லை. கேட்ட கேள்விக்குப் பதில் சொன்னார், அவ்வளவுதான். அவள் முந்தானையை எடுத்து மூக்கைத் துடைத்துக்கொண்டாள். பாலம் வந்தது, தொட்டி வந்தது. காய்ந்த தரைமேல் மண் லாரி ஒன்று காலியாக நின்றது.

பேச்சை எழுதும் வேலையைத் தம்பியிடம் கொடுக்க அவளுக்கு மனம் வரவில்லை. தானே ஹெட்போனை மாட்டிக்கொண்டு மத்தியானம் தோறும் உட்கார்ந்தாள். திரையைப் பார்க்காமல் இருக்கப் பழகுவதுதான் கஷ்டமாக இருந்தது; கண் தானாகப் பறவைமேல் போய் உட்கார்ந்துகொள்ளும். கடைசியில் திரையை அணைத்தே விட்டாள்.

என்னென்னவோ பேசியிருந்தார் மனிதர். தண்ணீர் எந்தக் கல்வரைக்கும் நிற்கிறது என்பது எப்படியும் நடுவில் வந்துவிடும், அது வழக்குக்கு. மற்றது எதற்கு என்று தெரியவில்லை, ஆனால் அவள் ஒன்றையும் விடாமல் எழுதினாள். புதுத் தலைமையாசிரியர் நடக்கிற விதத்தை நடித்துக் காட்டியிருந்தார். நடித்தது தெரியவில்லை, சேறு சளக்கென்றது மட்டும் கேட்டது. தன் அப்பாவுக்குக் கண் ஆபரேஷன் என்று பயந்திருந்தார். வகுப்பில் ஒரு பெண் தன்னைவிடச் சுருக்கமாக ஒரு கணக்கைப் போட்டதைச் சொல்லிப் பூரித்திருந்தார். நடுநடுவே “ஷ்”. ஒவ்வொரு “ஷ்”ஷையும் அவள் எழுதினாள். அதிகாரி கேட்டது ஒவ்வொரு பேச்சையும்தானே.

அவர் நல்ல பேச்சுக்காரர் என்பது அவளுக்கு அந்த நாட்களில்தான் தெரிந்தது. சில இடங்களில் தனியாக உட்கார்ந்து வாய்விட்டுச் சிரித்தாள். இவ்வளவு நல்ல துணையை வைத்துக்கொண்டு எதற்குப் புல்லாங்குழல் சேர்த்தோம் என்று நினைத்தாள்.

ஒருநாள் நாரை டேப் ஓடிக்கொண்டிருந்தது. காற்று, நாணல், ஆலைச் சங்கு. பிறகு அவர் குரல், வழக்கத்தைவிடத் தாழ்ந்து. “ஏம்மா, போன வருஷம் ஒண்ணு கேட்டேன், ஞாபகம் இருக்கா?”

அவள் ஹெட்போனை இரு கைகளாலும் காதோடு அழுத்திக்கொண்டாள். அந்த நேரம் பார்த்து அறைக் கதவு திறந்தது. வாத்தியார் நின்றார். மாடிப்படி ஏறிவந்த மூச்சு இரைத்தது, ஒரு கையில் போன், தோளில் பாதி மடித்த துணி. வாய் அசைந்தது.

“ஷ்,” என்றாள் படக்காரம்மா, ஒரு விரலைத் தூக்கி உதட்டில் வைத்து. “பேசாதீங்க. நீங்க முக்கியமா ஒண்ணு சொல்லிட்டு இருக்கீங்க.”

வாத்தியார் வாயை மூடிக்கொண்டார். பழகின வாய். போனை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, கதவில் சாய்ந்து, தான் பேசி முடிப்பதற்காகக் காத்திருந்தார்.

தூக்கிய விரல் உதட்டிலேயே இருக்க, படக்காரம்மா அவரைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள். டேப்பில் அவர் எதையோ சொல்லி முடித்துவிட்டார். அது அவள் காதில் ஏறவில்லை. விரலை மெதுவாகக் கீழே இறக்கினாள். டேப்பை நிறுத்தி, ஹெட்போனைக் கழற்றி மேசைமேல் வைத்தாள்.

“சொல்லுங்க.”

“நான் முடிச்சுட்டேனா?”

“நீங்க சொல்லுங்க.”

“வக்கீலம்மா பேசினாங்க. இதுவரைக்கும் நீ எழுதிக் கொடுத்ததே போதும்னு மண்ணடிக்கிறதுக்குத் தடை போட்டாச்சாம். வாய்க்கால் அடைப்பையும் உடனே எடுக்கச் சொல்லிட்டாங்களாம். தண்ணி விடறாங்க.”

எழப் போனவள் மறுபடி நாற்காலியிலேயே உட்கார்ந்தாள். கண்ணை மறைத்துக்கொண்டு நீர் வந்தது, துடைக்கவில்லை. இன்னொரு நாற்காலியைக் காலால் இழுத்து, அதன் மேலிருந்த டேப்புகளைத் தரையில் இறக்கிவிட்டு, அவர் பக்கம் தள்ளினாள்.

“இன்னொரு தடவை சொல்லுங்க.”

அவர் துணியை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். கொல்லையில் துணி எடுத்துக்கொண்டிருந்ததையும், போனோடு கழற்றிப் போட்ட சட்டை எது என்று தெரியாமல் கொடி முழுக்கத் தடவியதையும் சொல்லி, முதலிலிருந்து ஆரம்பித்தார்.